பிரேக் இல்லாத மோட்டாரும் ஊர் திரும்பிய பிள்ளையும்



பட்டர்வொர்த் பெர்ரித் துறைக்கு அருகில் என் பழைய மாணவன் ஒருவனை அண்மையில் கண்டேன். தன் மோட்டார் மீது சாய்ந்தபடி நின்றிருந்தான். சிங்கப்பூருக்கு வேலைக்குப் போனவன். எட்டே மாதத்தில் திரும்பிவிட்டான்.

"தோட்டத்துல தலை காட்ட முடியல சார். போன சுருக்குல வந்துட்டானேன்னு சிரிக்கிறாங்க. அப்பா பேசறதே இல்ல" என்றான்.

மோட்டார் என்றால் உயிரை விடும் பிள்ளையாயிற்றே என்று, அவனுக்கு ஒரு மோட்டார் வீரரின் கதையைச் சொன்னேன். அதையே இம்மாதம் உங்களுக்கும் சொல்கிறேன்.

மோட்டார்ப் பந்தயங்களில் 'ஸ்பீட்வே' என்று ஒரு வகை உண்டு. நீள்வட்டமான மண் தடத்தில் நான்கு பேர் நான்கு சுற்று ஓட்ட வேண்டும். 500 சிசி வண்டி, ஒரே கியர், பிரேக் கிடையாது! வளைவு வந்ததும் பின்சக்கரத்தை வெளிப்பக்கமாக வழுக்கவிட்டு, முன்சக்கரத்தை எதிர்ப்புறம் திருப்பி, இரும்புத் தகடு பொருத்திய இடது காலைத் தரையில் தேய்த்தபடி திரும்ப வேண்டும். மழை நாளில் தோட்டத்துச் செம்மண் பாதையில் மோட்டாரோடு விழுந்து எழுந்தவர்களுக்கு இதன் அருமை புரியும். முதலில் வருபவருக்கு 3 புள்ளி, அடுத்தவர்களுக்கு 2, 1. கடைசியாக வருபவருக்கு ஒன்றுமில்லை.

இந்தப் பந்தயத்தில் பேர் போனவர் நியூசிலாந்துக்காரரான ஐவன் மேஜர். 'மேஜர்' என்பது பட்டாளப் பதவியல்ல; அவருடைய குடும்பப் பெயர். 1939இல் கிறைஸ்ட்சர்ச் நகரில் பிறந்தவர். 1957இல், பதினேழே வயதில், இளம் மனைவி ரேயுடன் இங்கிலாந்துக்குப் போனார். லண்டனின் விம்பிள்டன் குழுவில் சேர்ந்தார். ஆனால் பந்தயத்தில் இறங்க அவருக்குக் கிடைத்த வாய்ப்புகள் சொற்பம். அந்த அரங்கத்திலேயே வேலையும் பார்த்தார். பெயரெடுக்க முடியாமல் ஊர் திரும்பினார்.

கதை அத்துடன் முடிந்திருந்தால் இன்று அவரை யாருக்குத் தெரிந்திருக்கும்? அவர் வண்டியை மூலையில் சாத்திவிடவில்லை. நியூசிலாந்திலும் ஆஸ்திரேலியாவிலும் தொடர்ந்து ஓட்டிப் பழகினார். 1963இல் மீண்டும் இங்கிலாந்துக்குப் புறப்பட்டு நியூகாசில் குழுவில் சேர்ந்தார். 1967 உலகப் போட்டியில் மூன்றாமிடம். பிறகு 1968, 1969, 1970 என்று தொடர்ந்து மூன்று ஆண்டுகள் உலக வெற்றியாளர்! மூன்றாம் முறை வென்ற வண்டிக்கு அமெரிக்க ரசிகர்கள் இருவர் தங்க முலாமே பூசிக் கொடுத்தார்கள். 1972, 1977 ஆண்டுகளிலும் வென்றார். ஆறாவது பட்டத்தை 1979இல் போலந்து நாட்டில் வென்றபோது அவருக்கு நாற்பது வயது நிறையச் சில வாரங்களே இருந்தன. 2018இல் காலமானார்.

பெற்றோரே, ஒன்றைக் கவனியுங்கள். இங்கிலாந்தில் முதல் முறை பட்டபாடு வீண் போகவில்லை. பெரிய வீரர்கள் எப்படி ஓட்டுகிறார்கள், வண்டியை எப்படித் தயார் செய்கிறார்கள் என்று பக்கத்தில் இருந்து பார்க்க அதுவே அவருக்கு வாய்த்த பள்ளிக்கூடம். பிற்காலத்தில் பந்தயத்துக்குக் குறைவறத் தயாராகி வருவதில் அவருக்கு இணையில்லை என்று பெயரெடுத்தார்.

கதையைக் கேட்ட என் மாணவனிடம், "அந்த எட்டு மாசத்துல நீ என்னப்பா கத்துக்கிட்டே?" என்று கேட்டேன்.

சற்று யோசித்து, "வெல்டிங் கத்துக்கிட்டேன் சார்" என்றான்.

"அப்பாவுக்குத் தெரியுமா?"

"அவரு கேக்கவே இல்லயே சார்."

எனக்கு நெஞ்சு கனத்தது. ஏன் திரும்பி வந்தாய் என்று ஊரே கேட்டிருக்கிறது. என்ன கற்று வந்தாய் என்று ஒருவரும் கேட்கவில்லை.

தம்பிகளுக்கும் ஒரு வார்த்தை. அந்தப் பிரேக் இல்லாத மோட்டார் ஓடுவது வேலியடைத்த தடத்தில். அங்கே எதிரே லோரி வராது. நம் சாலை பந்தயத் தடமல்ல. வீரத்தை அங்கே காட்ட வேண்டாம்.

என் மாணவன் பிறை தொழிற்சாலைகளில் வேலை தேடப் போவதாகச் சொல்லிக் கிளம்பினான். உங்கள் வீட்டிலும் வெளியூர் போய்த் திரும்பிய பிள்ளை இருந்தால், இன்றிரவு சோறு போட்டுவிட்டு அந்தக் கேள்வியைக் கேளுங்கள். பதில் வரும்வரை பொறுமையாகக் காத்திருங்கள்.