மேல்முறையீடு யாரிடம்?

தமிழ்நாட்டின் இந்து சமய அறநிலையக் கொடைகள் சட்டம் 1959 இல் இயற்றப்பட்டது. அதைப் போற்றுவோரும் உளர், தூற்றுவோரும் உளர். இரு சாராரும் ஒரு வினாவை மட்டும் எழுப்பாமலே விட்டுவிடுகின்றனர். துறையின் ஆணையால் நலிந்த ஒருவன் முறையிட விரும்பினால் எந்த வாயிலுக்குச் செல்ல வேண்டும்? அதே கட்டடத்தில் அடுத்த மாடிக்குத்தான்!

அர்ச்சகர் பயிற்சிப் பள்ளிகளின் வரலாறே இதற்குச் சான்றாகும். தகுதியும் பயிற்சியும் பெற்ற இந்து எவரும் சாதி வேறுபாடின்றி அர்ச்சகராகலாம் என 2006 இல் அரசு ஆணையிட்டது. நீதியரசர் ஏ. கே. இராஜன் தலைமையில் குழு அமைந்தது. 2007 இல் சைவத்திற்கு நான்கும் வைணவத்திற்கு இரண்டுமாக ஆறு பள்ளிகள் தோன்றின. இருநூறுக்கும் மேற்பட்ட இளைஞர் ஆகமமும் மந்திரமும் பயின்று சான்றிதழுடன் வெளிவந்தனர். பின்னர்? வழக்கு குறுக்கிட்டது. ஆகமத்திற்கு உட்பட்டே நியமனம் அமைய வேண்டும் என உச்சநீதிமன்றம் 2015 டிசம்பரில் தீர்ப்பளித்தது. 2018 இல் மதுரையில் ஒருவர் பணியமர்ந்தார். 2021 ஆகஸ்டில்தான் 24 பேர் ஒருசேர நியமனம் பெற்றனர். பள்ளி திறந்து பதினான்கு ஆண்டுகள் கடந்திருந்தன!

வழக்கு ஒரு காரணம் என்பதை எவரும் மறுக்கவியலாது. ஆயினும் அவ்விளைஞருள் ஒருவனுக்குப் பணி மறுக்கப்பட்டிருப்பின் அவன் நிலை என்ன? கற்பித்தது துறை, சான்று வழங்கியது துறை. நியமிக்க வேண்டியவர் அறங்காவலர். அறங்காவலர் இல்லாத கோயிலிலோ 'தக்கார்' எனப்படுபவர் அவ்விடத்தில் அமர்கிறார். பலவிடங்களில் அவரும் துறை அலுவலரே. அவர் ஆணையை எதிர்த்து 55 ஆம் பிரிவின்படி ஒரு மாதத்திற்குள் துறையின் அதிகாரியிடமே மேல்முறையீடு செய்தல் வேண்டும். அவருக்கும் மேலே 21 ஆம் பிரிவின்படி மறு ஆய்வு செய்பவர் ஆணையர். அப்பள்ளிகளையும் கோயில்களையும் மேற்பார்க்கும் அதே ஆணையர்! அவர்க்கும் மேலே 114 ஆம் பிரிவின்படி அரசு. ஏணியின் படிகள் பலவாயினும் அது சார்த்தப்பட்டிருக்கும் சுவர் ஒன்றே.

அதிகாரிகள் நேர்மையாளர் அல்லரோ எனச் சிலர் சினக்கக்கூடும். நேர்மையாளரே ஆகுக. இங்கிலாந்தின் கால்வாய் நிறுவனம் ஒன்றன் வழக்கை விசாரித்த காட்டன்ஹாம் பிரபு அந்நிறுவனத்தில் பங்குடையவர். அவர் அப்பங்கின் பொருட்டுச் சாய்ந்தார் என எவரும் கருதவில்லை. ஆயினும் அவர் தீர்ப்பைப் பிரபுக்கள் சபை 1852 இல் தள்ளிற்று. அங்கு கேள்வி குணத்தைப் பற்றியதன்று, இருக்கையைப் பற்றியது.

இது கேட்டுப் பரம்பரை உரிமையார் மகிழ வேண்டா. தந்தைக்குப் பின் மகன் என்றிருந்த முறையில் தேர்வோனுக்கும் தேரப்படுவோனுக்கும் இடையில் உறவே தகுதியாக நின்றது. அதனை 1970 ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் நீக்கியது. 1972 இல் உச்சநீதிமன்றமும் அதை ஏற்றது. துறையின் குறையைக் காட்டி அப்பழைய வாயிலைத் திறக்க முனைவது, எலிக்கு அஞ்சி வீட்டைக் கொளுத்துவது போன்றது.

உயர்நீதிமன்றம் இருக்கிறதே என்பது மற்றொரு சமாதானம். ஊதியமே காணாத இளைஞன் வழக்கறிஞர்க்கு எதைக் கொடுப்பான்?

பத்தாம் நூற்றாண்டுத் தமிழன் இதில் நம்மினும் கூர்மையானவன். முதலாம் பராந்தகன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் 919, 921 ஆம் ஆண்டுகளுக்குரியவை. வாரியத்திலிருந்து கணக்குக் காட்டாதவன் மீண்டும் வாரியத்திற்கு வரலாகாது என்பது அங்குள்ள விதி; அவன் மட்டுமா, அவன் சுற்றத்தாரையும் முறைமுறையாக எண்ணி விலக்கினர். அண்மை மூன்றாண்டில் வாரியத்தில் இருந்தவனுக்கும் இடமில்லை. அரசன் ஆணை பெற்றுக் கோயிற் சுவரிலேயே பொறித்த விதி இது.

அவ்வளவுகோலையே இங்கும் பயன்படுத்தலாம். ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதி ஒருவர், ஆகமம் வல்லார் ஒருவர், தமிழறிஞர் ஒருவர் என மூவர் அமர்ந்த தீர்ப்பாயம் போதும். மூவரும் அண்மை மூன்றாண்டில் துறையிலோ அறங்காவலர் குழுவிலோ இருந்திருத்தல் ஆகாது. பள்ளியில் கற்பித்திருத்தலும் ஆகாது. முறையீட்டை ஏற்போர் பட்டியலில் துறை அதிகாரியின் பதவிப் பெயரை நீக்கி இத்தீர்ப்பாயத்தின் பெயரை எழுத 55 ஆம் பிரிவில் சிறு திருத்தமே வேண்டும். மறு ஆய்வு பற்றிய இரு பிரிவுகளிலும் அதற்கேற்ப ஒவ்வொரு விலக்கு வாசகம் சேர்த்தால் முடிந்தது.