கயிறா? கத்தியா? கணக்கு!

"அண்ணே, பையனுக்குத் தொண்டையிலே சதை வளர்ந்துவிட்டதாம். அறுத்துத்தான் ஆகவேண்டுமாம்!"

ராஜகீழ்ப்பாக்கம் சந்திப்பிலே, கூட்டம் முடிந்து தேநீர் அருந்திக்கொண்டிருந்த நம்மிடம் இப்படிச் சொன்னார் ஒரு தோழர். கொத்தனார் வேலை பார்ப்பவர். கையிலே காய்ந்த சிமெண்டு, முகத்திலே காயாத கவலை.

பிள்ளைக்கு வயது ஆறு. மூன்று நாளாகக் காய்ச்சல். எச்சில் விழுங்கினாலும் வலி. வீட்டுப் பாட்டி மந்திரித்த கயிறு வாங்கிக் கழுத்திலே கட்டினார். பக்கத்துத் தெருவிலே 'உள்நாக்கு' தட்டும் அம்மாள் ஒருவர், விரலை வாய்க்குள்ளே விட்டு அழுத்தினார். பிள்ளை அலறியது, காய்ச்சல் ஏறியது. பிறகு ஒரு மருத்துவரிடம் ஓடினார் தோழர். அவர் விளக்கடித்துப் பார்த்தார். "டான்சில் பெரிதாக இருக்கிறது, எடுத்துவிடலாம்" என்றார். கட்டணமும் சொன்னார். தோழரின் மூன்று மாதக் கூலி அது!

"ஆண்டுக்கு எத்தனை முறை இப்படி வருகிறது, தோழரே?" என்று கேட்டோம்.

"இரண்டு முறை இருக்கும், அண்ணே."

"மருத்துவர் இதைக் கேட்டாரா?"

"கேட்கவில்லையே!"

கயிறு கட்டிய பாட்டியும் கேட்கவில்லை. கத்தி எடுக்கத் துணிந்த மருத்துவரும் கேட்கவில்லை. படிப்பறியாத பாட்டி கேளாததை நாம் பொறுத்துக்கொள்ளலாம். பட்டம் பெற்றவர் கேளாததைப் பொறுத்துக்கொள்ள முடியுமா?

டான்சில் என்பது என்ன? புதிதாய் முளைத்த சதையல்ல அது. பிறக்கும்போதே எல்லோருக்கும் தொண்டையின் இரு பக்கமும் இருப்பது. வாய் வழியும் மூக்கு வழியும் நுழையும் கிருமியை எதிர்த்து நிற்கும் காவலர்களிலே ஒருவன். நான்கு வயது முதல் ஏழு வயது வரை பருத்துத் தெரியும். பருவ வயதை நெருங்க நெருங்கத் தானே சுருங்கும். ஆகவே ஆறு வயதுப் பிள்ளையின் தொண்டையிலே டான்சில் பெரிதாகத் தெரிகிறது என்பது, அது ஒன்றை மட்டுமே கொண்டு பார்த்தால், நோயே அல்ல!

பெரிதாகத் தெரிந்ததையெல்லாம் அறுத்துத் தள்ளிய காலமும் உண்டு. எங்கே? பட்டிக்காட்டிலா? நியூயார்க் நகரிலே! 1934-இல் அங்கே 11 வயதுப் பள்ளிப் பிள்ளைகள் 1,000 பேரை ஆராய்ந்தார்கள். அவர்களிலே 611 பேருக்கு ஏற்கெனவே டான்சில் எடுத்தாகிவிட்டது. மிச்சம் 389 பேர். மருத்துவர்கள் பார்த்தார்கள்; 174 பேருக்கு அறுவை வேண்டும் என்றார்கள். 'வேண்டாம்' என்று விடப்பட்ட 215 பேரை வேறு மருத்துவர்களிடம் அனுப்பினார்கள். அவர்களிலே 99 பேருக்கு வேண்டுமாம்! எஞ்சிய 116 பேரை மூன்றாம் முறை அனுப்பினார்கள். 51 பேருக்கு வேண்டுமாம்! ஆயிரம் பிள்ளைகளிலே கத்திக்குத் தப்பியவர் 65 பேர். நான்காம் முறையும் அனுப்பியிருந்தால் அந்த 65 பேரும் என்ன ஆகியிருப்பார்களோ!

பிள்ளை மாறியது, மருத்துவர் மாறினார், ஆனால் பாதிக்குப் பாதி என்ற விகிதம் மாறவில்லை. ஏன்? நோயை அளக்க அவர்களிடம் அளவுகோல் இல்லை. வழக்கம் ஒன்றுதான் இருந்தது. வழக்கம் என்பது பாட்டியிடம் இருந்தால் மூடநம்பிக்கை, மருத்துவரிடம் இருந்தால் விஞ்ஞானமா? பகுத்தறிவு என்பது பாமரனுக்கு மட்டும் விதிக்கப்பட்ட பாடமல்ல, தோழர்களே!

அளவுகோல் பிறகு வந்தது. 1984-இல் அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகரிலே, ஜாக் பாரடைஸ் என்ற குழந்தை மருத்துவரும் அவருடைய குழுவினரும் ஆராய்ந்து சொன்னார்கள். ஓராண்டிலே 7 முறை, அல்லது இரண்டு ஆண்டுகளிலே ஆண்டுக்கு 5 முறை, அல்லது மூன்று ஆண்டுகளிலே ஆண்டுக்கு 3 முறை கடுமையான தொண்டை அழற்சி கண்ட பிள்ளைக்கு அறுவையால் நன்மை உண்டு என்றார்கள். அதற்குக் குறைவாக வருகிற பிள்ளைகளையும் பின்னர் ஆராய்ந்தார்கள். கிடைக்கிற சிறு நன்மை, அறுவையின் வலிக்கும் இரத்தக் கசிவு அபாயத்துக்கும் ஈடாகாது என்று 2002-இல் எழுதினார்கள். ஏழு, ஐந்து, மூன்று! இன்று உலகெங்கும் மருத்துவர்கள் கையாளும் கணக்கு இதுதான்.

அப்படியானால் கத்தியே கூடாதா? அப்படிச் சொல்லவில்லை நாம். தொண்டையை அடைக்கிற அளவுக்குப் பருத்த டான்சில் உண்டு. மூக்கின் பின்புறத்திலே அடினாய்டு என்கிற சதையும் சேர்ந்து பருத்திருக்கும். பிள்ளை இரவெல்லாம் குறட்டை விடும். வாயைத் திறந்தபடி தூங்கும். இடையிலே மூச்சு நின்று நின்று வரும். திடுக்கிட்டுத் திடுக்கிட்டு விழிக்கும். காலையிலே பள்ளிக்குப் போனால் வகுப்பிலே தூங்கி வழியும். ஆசிரியர் 'மக்கு' என்பார். வீட்டிலே 'தலையெழுத்து' என்பார்கள். தலையிலே எழுத்தும் இல்லை, மூளையிலே குறையும் இல்லை; தொண்டையிலே அடைப்பு! அந்த அடைப்பை எடுத்தபின் நன்றாகத் தூங்கிப் படிப்பிலே தேறிய பிள்ளைகள் பலர். இங்கே காலம் கடத்துவது குற்றம். அரசு மருத்துவமனையிலே காது, மூக்கு, தொண்டைப் பிரிவு இருக்கிறது. தோழர்கள் தயங்காமல் நாடவேண்டும்.

இனி, எல்லாவற்றிலும் பெரிய அபாயத்துக்கு வருவோம்.

தொண்டை வலிகளிலே பெரும்பாலானவை வைரசால் வருபவை. உப்பு நீர்க் கொப்பளிப்பும், காய்ச்சல் மாத்திரையும், ஓய்வும் போதும், தாமே போகும். ஆனால் 'ஸ்ட்ரெப்டோகாக்கஸ்' என்ற கிருமி ஒன்று இருக்கிறது. இருமல் இல்லாமல் கடுங்காய்ச்சல், டான்சில் மேலே வெள்ளைச் சீழ்ப்புள்ளி, தாடைக்குக் கீழே தொட்டால் வலிக்கும் நெறி. இப்படி இருந்தால் அந்தக் கிருமியாக இருக்கக்கூடும். தொண்டை வலி மூன்று நாளிலே அடங்கிவிடும். 'கயிற்றின் மகிமை' என்று வீடே மகிழும். இரண்டு மூன்று வாரம் கழித்து, முழங்கால் வீங்கும், பிறகு கணுக்கால். அதுவும் போய்விடும். போகாமல் தங்கிவிடுவது ஒன்று, இதயத்தின் வால்விலே விழுந்த வடு! ருமாட்டிக் காய்ச்சல் என்று பெயர். ஐந்து முதல் பதினைந்து வயது வரையுள்ள பிள்ளைகளையே அது அதிகம் தேடி வரும்.

அதிலும் எந்தப் பிள்ளைகளை? ஓர் அறையிலே எட்டுப் பேர் படுத்துறங்கும் வீட்டுப் பிள்ளைகளை! ஒருவர் மூச்சு இன்னொருவர் முகத்திலே படும் வீட்டிலே அந்தக் கிருமிக்குக் கொண்டாட்டம். மாளிகையிலே குறைந்துபோன நோய், குடிசையிலே குடியிருக்கிறது. ஆறு வயதிலே தொண்டை வலி கண்ட பெண்ணுக்கு இருபது வயதிலே, கருவுற்றிருக்கும்போது மூச்சு வாங்கும். அப்போதுதான் வால்வு சுருங்கியிருப்பது தெரியவரும். தாயையும் சேயையும் ஒரே நேரத்தில் தராசிலே வைக்கவேண்டிய நிலை!

இதைத் தடுக்க என்ன செலவு? இதயத்தைத் திறக்க இலட்சங்கள் வேண்டும். தொண்டையிலேயே தடுக்கப் பத்து நாள் பென்சிலின் மாத்திரை போதும்! மருத்துவர் எழுதிக் கொடுத்ததை, வலி நின்றதும் நிறுத்தாமல், பத்து நாளும் கொடுக்கவேண்டும். ஒருமுறை ருமாட்டிக் காய்ச்சல் கண்ட பிள்ளைக்கு மூன்று நான்கு வாரத்துக்கு ஒருமுறை பென்சிலின் ஊசி, ஆண்டுக்கணக்கில் போடவேண்டும்.

1928-ஆம் ஆண்டு. நமது தாம்பரத்திலே டாக்டர் சௌரி முத்து காசநோய்ச் சானடோரியத்தைத் திறந்தார். காசத்துக்கு மருந்து இல்லாத காலம். காற்றும் வெயிலும் ஓய்வும்தான் மருந்து. அதே 1928-இலேதான் இலண்டனிலே அலெக்சாண்டர் பிளெமிங் பென்சிலினைக் கண்டறிந்தார். சானடோரியத்தின் பெயர் ரயில் நிலையத்துக்கே பெயராக நிலைத்துவிட்டது. பென்சிலினோ, நூறாண்டை நெருங்கியும், ஏழை வீட்டுப் பிள்ளையின் தொண்டைக்கு முழுதாய்ப் பத்து நாள் போய்ச் சேரவில்லை! மலிவான மருந்து, ஆதாயம் குறைவு. அதனாலேயே அந்த ஊசி மருந்துக்கு உலகிலே பலமுறை தட்டுப்பாடு நேர்ந்திருக்கிறது. 2018-இல் உலகச் சுகாதார மன்றம் கூடி, ருமாட்டிக் இதயநோயை ஒழிக்க நாடுகள் முனையவேண்டும் என்று தீர்மானம் போட்டது. தீர்மானம் போட்டது ஜெனீவாவிலே. மூச்சு வாங்குவது இங்கே!

பெரியவர்களுக்கும் ஒரு சொல். புகையிலையும் பீடியும் பழகிய தோழர்களே! ஒரு பக்கத்து டான்சில் மட்டும் பருத்திருந்தாலோ, தொண்டைப் புண் மூன்று வாரமாகியும் ஆறாமலிருந்தாலோ, கழுத்திலே கட்டி கரையாமலிருந்தாலோ, 'சூடு' என்று சொல்லிச் சும்மா இருக்காதீர்கள். காசநோயாக இருக்கலாம், புற்றாகவும் இருக்கலாம். டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி அம்மையார் 1954-இல் அடையாற்றிலே புற்றுநோய் நிலையம் கண்டது, முற்றிய பின் வந்து அழுவதற்காக அல்ல. முன்கூட்டியே வந்து பிழைப்பதற்காக!

இன்னொன்று. கன்னம் வீங்கினால் 'பொன்னுக்கு வீங்கி' என்று பொன் சங்கிலி போடுகிறார்கள். அது டான்சிலே அல்ல. எச்சில் சுரப்பியின் வீக்கம், வைரசால் வருவது, தானே வடியும். பொன் போட்டால்தான் வடியுமென்றால், பொன்னில்லாத வீட்டுப் பிள்ளைக்கு வடியாமலா போயிற்று?

நாம் கேட்பது பெரிதல்ல. பள்ளிப் பிள்ளைகளின் உடல் நலத்தைப் பார்ப்பதற்கென 2013-இல் ஒன்றிய அரசு ஒரு திட்டம் தொடங்கியது. பெயர் 'ராஷ்ட்ரிய பால் ஸ்வாஸ்த்ய காரியக்ரம்'. அந்தப் பெயர் நம் தொண்டையிலே நுழையாது. போகட்டும், திட்டமாவது பிள்ளைகளின் தொண்டைவரை நுழையட்டும்! ருமாட்டிக் இதயநோயும் அதன் பட்டியலிலே இருக்கிறது. ஆண்டுக்கு ஒருமுறை பள்ளிக்கு வரும் மருத்துவக் குழு, வாயைத் திறந்து பார்க்கட்டும். நெஞ்சிலே குழல் வைத்துக் கேட்கட்டும். ஆரம்ப சுகாதார நிலையந்தோறும் பென்சிலின் தீராமல் இருக்கட்டும்.

தோழர்கள் செய்யவேண்டியதும் ஒன்றுண்டு. படிப்பகந்தோறும் கரும்பலகை இருக்கிறது. அதிலே எழுதுங்கள்: 'பத்து நாள் மருந்து. ஏழு, ஐந்து, மூன்று. குறட்டையிலே மூச்சு நின்றால் உடனே மருத்துவமனை.' ஒரு கரும்பலகை ஒரு தெருவைக் காக்கும்.

அந்தக் கொத்தனார் தோழரை மறுநாளே குரோம்பேட்டை அரசு மருத்துவமனைக்குப் போகச் சொன்னோம். போனார். அறுவை இப்போது தேவையில்லை என்றார்களாம்; பத்து நாள் மருந்து கொடுத்தார்களாம். சென்ற வாரம் அவரைப் பார்த்தோம். கயிற்றைப் பாட்டியே அவிழ்த்துவிட்டாராம். தொண்டை வலி வந்த நாளை நாட்காட்டியிலே சுழித்து வைப்பதும் இப்போது பாட்டிதானாம்.

கணக்கு தொடங்கிவிட்டது.