மனிதர் மேல் உட்கார்ந்து காபி

தூங்கி எழுந்தவர் விளக்கைப் போடுகிறார். விளக்கு என்பது தலையில் கூண்டை மாட்டிக்கொண்டு நிற்கும் ஓர் ஆள். முகம் மழிக்கும்போது கண்ணாடியைப் பிடித்திருப்பதும் ஓர் ஆள்தான். காலை உணவுக்கு அவர் உட்காரும் நாற்காலி, குனிந்து கை ஊன்றியிருக்கும் இன்னொருவர். வெளியே வந்தால் டாக்ஸிகளும் மனிதர்களே. முதுகில் சுமந்து போகிறார்கள். அலுவலக லிஃப்டை மேலே ஏற்ற, மறுபக்கம் எடைக்கல்லாக ஒரு பருமனான ஆள் தொங்குகிறார். நம்மவர் கடைசியாகத் தன் வேலையிடத்தை அடைந்து, ஓர் அறை வாசலில் குப்புறப் படுக்கிறார். வந்த அதிகாரி அவர் மேல் செருப்பைத் துடைத்துவிட்டு உள்ளே போகிறார்.

அர்ஜென்டினாவின் சான்டியாகோ கிராஸோ 2008இல் எடுத்த ‘எல் எம்ப்ளியோ’ இது. நூற்றுக்கும் மேற்பட்ட விருதுகளை வாங்கிய குறும்படம். ‘முதலாளித்துவம் மனிதனைப் பொருளாக்குகிறது’ என்று ஒற்றை வரியில் சுருக்கி வாட்ஸ்ஆப்பில் தள்ளிவிடுபவர்கள் படத்தைப் பாதிதான் பார்த்திருக்கிறார்கள். மிதியடியாகக் கிடப்பவர், காலையில் இன்னொருவர் முதுகில் உட்கார்ந்து காபி குடித்தவர். அப்போது அவருக்குக் கூச்சமும் இல்லை, திமிரும் இல்லை. வெறும் தூக்கக் கலக்கம். படம் முழுக்க யாரும் ஒரு வார்த்தை பேசுவதில்லை, ஒருவர்கூட வியப்பதில்லை. சிரிப்பும் வயிற்றைப் பிசைவதும் அங்கேதான்.

செக் இயக்குநர் யான் ஷ்வாங்க்மேயரின் ‘உணவு’ (1992) இன்னும் முரடு. அதில் மனிதனே சாப்பாட்டு இயந்திரம். நாக்கில் காசை வைத்தால் மார்புக்குள்ளிருந்து தட்டு மேலே வரும். சாப்பிட்டு முடித்தவர் விறைத்து அடுத்த இயந்திரமாகிவிட, வெளியே வரிசை நகர்கிறது.

கனடாவின் ரிச்சர்ட் காண்டி இவ்வளவு கடுகடுப்பானவர் அல்ல. அவருடைய ‘தி பிக் ஸ்னிட்’ (1985) படத்தில் கணவனும் மனைவியும் ஸ்க்ராபிள் ஆடியபடி சண்டை போடுகிறார்கள். கணவர், வீட்டுச் சாமான்களை ரம்பத்தால் அறுப்பவர்; மனைவி, தன் கண்களைக் குலுக்கிக்கொள்பவர். ஒருவர் பழக்கம் மற்றவருக்கு ஆகவில்லை. வெளியே அணு ஆயுதப் போர் தொடங்கிவிட்டது. டிவி அதைச் சொல்லும் நேரத்தில் கணவர் குறட்டை விடுகிறார். சண்டை தீர்ந்து கதவைத் திறக்கும்போது இருவரும் இறந்துபோயிருக்கிறார்கள். அதுகூட அவர்களுக்குத் தெரியவில்லை.

பனிப்போர்க் காலத்தில் இந்தக் கேலிக்குப் பணம் கொடுத்தது கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம், அதாவது அரசு. படம் ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. அரசுப் பணத்தில் எடுக்கும் படம் என்றாலே விழிப்புணர்வுப் பிரசாரமாகத்தான் இருக்கவேண்டும் என்று நம்பும் அதிகாரிகள் இதைப் பார்க்கவேண்டும். வாரியத்தின் இணையதளத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. பத்து நிமிடம்தான்.