ஜெர்மன் ஒயின் எல்லாமே இனிப்பா?

ஜெர்மன் வெள்ளை ஒயின் என்றாலே சர்க்கரைத் தண்ணீர், பிரெஞ்சு ருசியில் ஊறிய புதுச்சேரிக்கு அது ஒத்துவராது என்ற வாதம் இரண்டு பக்கமும் தவறானது.

முதலில் பிரெஞ்சுப் பக்கம். போர்தோ பகுதியின் புகழ்பெற்ற சொத்தேர்ன், தேன் போல இனிக்கும் வெள்ளை ஒயின். அதைப் போற்றிக்கொண்டு ஜெர்மானியரின் இனிப்பை மட்டும் பழிப்பது என்ன நியாயம்?

அடுத்து ஜெர்மன் பக்கம். குழப்பத்தின் வேர் லேபிளில் இருக்கிறது. கபினெட், ஷ்பேட்லேசே, அவுஸ்லேசே என்பவை அறுவடையின்போது திராட்சைச் சாற்றில் இருந்த சர்க்கரையைக் குறிக்கும் தரநிலைகள். புட்டியில் மிஞ்சும் இனிப்பை அவை சொல்வதில்லை. நொதித்தலில் அந்தச் சர்க்கரை முழுதும் ஆல்கஹாலாக மாறினால் ஷ்பேட்லேசேகூட இனிப்பில்லாமல்தான் இருக்கும்.

இனிப்பைச் சொல்பவை வேறு சொற்கள். 'ட்ரோக்கன்' என்றால் லிட்டருக்கு 4 கிராம் வரை சர்க்கரை. புளிப்பு போதுமான அளவு இருந்தால் 9 கிராம் வரை போகலாம். 'செக்' (இனிப்பில்லாதது) எனப்படும் பிரெஞ்சு ஒயினுக்கும் இதே ஐரோப்பிய வரம்புதான். 'ஹால்ப்ட்ரோக்கன்' 12 கிராம் வரை, புளிப்புக்கேற்ப 18 வரை. 'லீப்லிக்' 45 வரை. அதற்கு மேல் 'ஸ்யூஸ்'.

இச்சொற்கள் இல்லையென்றால் ஆல்கஹால் அளவைப் பாருங்கள். ரீஸ்லிங் திராட்சை ஒயின் புட்டியில் 8 சதவீதம் என்றால் பெரும்பாலும் இனிப்பு. 12-க்கு மேல் என்றால் பெரும்பாலும் இனிப்பில்லை. இவ்வளவும் புட்டியிலேயே அச்சிட்டிருக்கும்போது, ஒரு நாட்டின் ஒயின் முழுவதையும் ஒரே வார்த்தையில் ஒதுக்குவதை ரசனை என்று சொல்ல முடியாது.