ஒலியை ஆற்றலாக்கும் கற்பனைக் கோபுரங்கள்: மிகுபுனைவை மதிப்பிடும் அளவுகோல் குறித்து

முன்னுரை

இடியோசை, அருவியோசை, மக்களின் பாட்டு ஆகியவற்றை உள்வாங்கி, அவற்றைக் கொண்டு விளக்கேற்றவும் ஆலை இயக்கவும் வல்ல கோபுரத்தை மிகுபுனைவு உலகொன்றில் எளிதாக எழுப்பிவிடலாம். அக்கற்பனையை மதிப்பிடுவது அத்துணை எளிதன்று. அறிவியலுக்கு ஒவ்வாதது என அதனைத் தள்ளுவது ஒரு வழி. முன்னோர் அறிந்திருந்த அறிவியலே இது எனக் கொண்டாடுவது மற்றொரு வழி. இவ்விரண்டும் புனைவைப் புனைவாக வாசிக்கத் தவறுகின்றன என்பதும், தமிழ் இலக்கணமரபிலேயே பொருத்தமானதோர் அளவுகோல் உண்டு என்பதும் இக்கட்டுரையின் கருத்தாகும்.

அளவின் சிக்கல்

ஒலியிலிருந்து மின்னாற்றல் பெறமுடியும் என்பதில் ஐயமில்லை. ஒலிவாங்கியில் நிகழ்வது அதுவே. ஆயின் கிடைக்கும் அளவு மிகச் சிறிது. இயல்பான உரையாடல் ஏறத்தாழ 60 டெசிபல் அளவினது. அதன் செறிவு சதுர மீட்டருக்கு ஒரு வாட்டின் பத்து லட்சத்தில் ஒரு பங்காகும். ஒரு சதுர கிலோமீட்டர் பரப்புள்ள சுவர் முழுவதும் அவ்வொலி விழுந்தாலும் கிடைப்பது ஒரு வாட் மட்டுமே. செவிக்கு வலிதரும் 120 டெசிபல் ஒலியும் சதுர மீட்டருக்கு ஒரு வாட்டைத்தான் தாங்கிவருகிறது. உச்சிவெயிலோ ஏறத்தாழ 1000 வாட் தருகிறது.

இக்கணக்கைக் காட்டிப் புனைவை மறுத்துவிட்டால் ஆய்வு அங்கேயே நின்றுவிடும். ஒரு விளக்கு எரிய ஓர் ஊரே குரலெழுப்ப வேண்டும் என்னும் நிலை உண்மையில் கதைக்குரிய முரணாகும். யார் குரலெழுப்புவது, எவர் வீட்டு விளக்குக்காக எழுப்புவது என்னும் வினாக்கள் அதிலிருந்தே பிறக்கின்றன.

முன்னோர் அறிவியல் என்னும் வாதம்

இரண்டாம் வழி இதனினும் இடர் மிக்கது. திருநெல்வேலி நெல்லையப்பர் கோயிலிலும் மதுரை மீனாட்சியம்மன் கோயிலிலும் உள்ள இசைத்தூண்களை ஒலியாற்றல் தொழில்நுட்பத்தின் சான்றாகக் காட்டும் ஆவல் எளிதில் எழக்கூடும். அத்தூண்கள் தட்டும் கை கொடுத்த ஆற்றலையே ஒலியாகத் திருப்பித் தருகின்றன, எதையும் சேமிப்பதில்லை. கல்லின் தன்மையையும் தூணின் பருமனையும் நீளத்தையும் அறிந்து செதுக்கிய சிற்பியின் திறன் தன்னளவிலேயே பெருமைக்குரியது. அதன்மீது இல்லாத ஆற்றலியலை ஏற்றுவது அத்திறனை மறைப்பதாகும்.

புனைவை உண்மையென முன்வைப்பதன் விளைவுக்கு அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் வாழ்ந்த ஜான் கீலி ஓர் எடுத்துக்காட்டு. அதிர்வாலும் இசையொலியாலும் இயங்கும் இயந்திரத்தைக் கண்டுபிடித்ததாகக் கூறி, 1870களிலிருந்து அவர் முதலீடு திரட்டினார். 1898இல் அவர் இறந்த பின் ஆய்வுக்கூடத்தைச் சோதித்தவர்கள், தளத்தின் அடியில் பெரிய உலோகக் கோளத்தையும் குழாய்களையும் கண்டனர். அழுத்தப்பட்ட காற்றே இயந்திரத்தை இயக்கியிருக்கும் என அவர்கள் கருதினர். கதையாக எழுதப்பட்டிருப்பின் இனிய கற்பனையாக நின்றிருக்கக்கூடியது, உண்மையென விற்கப்பட்டதால் மோசடி என்னும் பெயரைப் பெற்றது.

புனைவின் விதியும் விலையும்

பிரான்சிஸ் பேக்கன் 1626இல் மறைந்த பின் வெளிவந்த 'புதிய அட்லாண்டிஸ்' என்னும் நூல் பென்சலேம் என்ற கற்பனைத் தீவைப் படைத்தது. அங்கு அரை மைல் உயரம் வரையிலான கோபுரங்கள் உண்டு. எல்லா ஒலிகளையும் உண்டாக்கி ஆராயும் ஒலியில்லங்களும் உண்டு. ஆயினும் இரண்டும் தனித்தனியே நிற்கின்றன. ஒலியில்லங்களில் கேட்கும் திறனைப் பெருக்கும் கருவிகளும் இருந்தன. அங்கு ஒலி அறிதலுக்கும் கேட்டலுக்கும் உரியது, எரிபொருள் அன்று.

ஆர்தர் சி. கிளார்க் எழுதிய 'சைலன்ஸ் பிளீஸ்' என்னும் சிறுகதை ஒலியின் ஆற்றலை நேரடியாகக் கையாள்கிறது. எதிரலைகளால் ஓசையை அடக்கும் கருவி அதன் மையம். அடக்கப்பட்ட ஒலியின் ஆற்றல் எங்கும் போய்விடவில்லை. கருவிக்குள் சேர்ந்து முடிவில் வெடிக்கிறது. கதை தனக்கென ஒரு விதியை வகுத்து, அவ்விதியின் விலையையும் செலுத்துகிறது. மிகுபுனைவின் நம்பகத்தன்மை இவ்வொழுங்கிலேயே தங்கியுள்ளது.

திணைக் கோட்பாடு தரும் அளவுகோல்

தொல்காப்பியம் கருப்பொருள்களை வகுக்குமிடத்துத் தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை, தொழில் ஆகியவற்றோடு பறையையும் யாழையும் சேர்த்துள்ளமை நோக்கத்தக்கது. குறிஞ்சிக்குத் தொண்டகப்பறை, மருதத்திற்கு நெல்லரிகிணை என உரைமரபு நிலந்தோறும் வெவ்வேறு ஒலியைச் சுட்டுகிறது. இதனைத் தொல்காப்பியர் ஒலியாற்றலை அறிந்திருந்தார் என்பதற்குச் சான்றாகக் கொள்ளலாகாது. ஒரு நிலத்தை அந்நிலமாக ஆக்குவனவற்றுள் அதன் ஓசையும் ஒன்று என்பதே இதிலிருந்து பெறப்படும் கருத்து.

இவ்வளவுகோலைக் கற்பனைக் கோபுரத்திற்குப் பொருத்தலாம். கோபுரம் உறிஞ்சிய ஒலி எவர் செவியையும் சென்றடையாது. ஒலியை முழுமையாக உறிஞ்சவல்ல கோபுரம் தன்னைச் சூழ்ந்த ஊரை அமைதியாக்கிவிடும். விளக்கு எரியும்; தாலாட்டு கேட்காது. கருப்பொருள் ஒன்று எரிபொருளாக மாறும்போது அந்நிலத்தின் உரிப்பொருள் என்னவாகிறது என்பதே ஆய்வாளர் எழுப்பவேண்டிய வினா. காத்திருக்கும் தலைவிக்குத் தேர்மணியோசை வந்துசேராத முல்லையில் இருத்தல் எவ்வாறு பொருள்படும்?

முடிவுரை

மிகுபுனைவு உலகங்களை ஆராய்வோர், அவை இயலுமா என்பதையோ நம்மிடம் முன்பே இருந்தனவா என்பதையோ முதல் வினாவாகக் கொள்ளவேண்டியதில்லை. அவ்வுலகின் விதி யாது, அதன் விலையைச் செலுத்துவோர் யாவர், அவ்வுலகின் முதல், கரு, உரி மூன்றும் ஒன்றையொன்று எவ்வாறு மாற்றுகின்றன என வினவுவதே பயன்தரும். அவ்வாறு வினவும்போது திணைக் கோட்பாடு பழம்பாடல்களை விளக்கும் கருவியாக மட்டும் நில்லாது, இன்னும் எழுதப்படாத உலகங்களை வாசிக்கும் முறையியலாகவும் விரிவடையும்.