காரம் குற்றவாளி அன்று

மருத்துவமனையிலிருந்து வீடு திரும்புவோரிடம் தரப்படும் உணவுக் குறிப்புகளில் ஒரு வரி பெரும்பாலும் இடம்பெற்றுவிடுகிறது: ‘உப்பு, காரம், எண்ணெய் தவிர்க்கவும்.’ இம்மூன்றையும் ஒரே மூச்சில் சொல்வதில் எனக்கு உடன்பாடு இல்லை. சிறுநீரக நோயாளிகளை நாள்தோறும் காண்பவன் என்ற முறையில் சொல்கிறேன்: உப்போடு காரத்தையும் சேர்த்துத் தண்டிப்பதால் விளையும் கேடு சிறிதன்று. இதனை விளக்க அமெரிக்காவின் லூசியானா மாநிலத்துக் காலையுணவு ஒன்றை எடுத்துக்கொள்கிறேன். அதற்குக் காரணமும் உண்டு. பிள்ளைகளோடு சில திங்கள் தங்கிவர ஹூஸ்டன் பக்கம் செல்லும் பெற்றோர் சிலர் எம்மிடம் சிகிச்சை பெறுகின்றனர். லூசியானாவிற்கு அண்மையில் உள்ள அந்நகரில் கேஜன் உணவு பரவலாகக் கிடைக்கிறது. ‘மகன் ஞாயிறுதோறும் முட்டையும் சாசேஜும் காரமாகச் செய்கிறான்; அப்பா சாப்பிடலாமா?’ என்னும் வினா புறநோயாளர் பிரிவிற்குப் புதிதன்று.

வினவுவோர் அஞ்சுவது காரத்திற்கு. அஞ்ச வேண்டியது வேறொன்றிற்கு.

கேஜன் என்பது ‘அக்கேடியன்’ என்னும் சொல் திரிந்து வந்த பெயர். இன்றைய கனடாவின் நோவா ஸ்கோஷியாப் பகுதியில் வாழ்ந்த பிரெஞ்சு மொழி பேசும் குடியானவர்களை 1755ஆம் ஆண்டு தொடங்கி ஆங்கிலேயர் நாடு கடத்தினர். அவர்களுள் ஒரு பகுதியினர் 1760களில் லூசியானாவின் சதுப்பு நிலங்களை வந்தடைந்து குடியேறினர். வெப்பமும் ஈரமும் மிகுந்த அந்நிலத்தில் இறைச்சி விரைவில் கெடும். குளிர்பதனப் பெட்டி என்பது அன்று இல்லை. ஆகவே குளிர்காலத்தில் ஊரார் கூடிப் பன்றியை அறுத்துப் பங்கிட்டுக்கொண்டனர். எஞ்சியதை உப்பிட்டுக் குடலில் அடைத்துப் புகையில் தொங்கவிட்டனர். ‘ஆண்டூயி’ எனப்படும் புகையூட்டிய சாசேஜ் இத்தகைய வாழ்விற்குரியது. உப்பு அங்கே கெடாமல் காக்கும் பொருளாக வந்தது; சுவை அதனுடன் சேர்ந்துகொண்டது. பின்னர்க் குளிர்பதனப் பெட்டி வந்தது. உப்பு மட்டும் போகவில்லை.

அவ்வீடுகளில் இக்காலையுணவு செய்யப்படும் முறை எளிது. ஆண்டூயியை வட்டமாக நறுக்கி, கனத்த வார்ப்பிரும்பு வாணலியில் இட்டுக் கொழுப்பு உருகி ஓரம் சிவக்கும்வரை வறுப்பர். அக்கொழுப்பிலேயே வெங்காயம், செலரித் தண்டு, குடைமிளகாய் மூன்றையும் வதக்குவர். கத்தோலிக்க நெறியினரான அம்மக்கள் இம்மூன்று காய்களையும் ‘புனித மும்மை’ என்று பாதி விளையாட்டாகவும் பாதி பக்தியாகவும் அழைக்கின்றனர். அதன்மேல் கேஜன் பொடி தூவி, முட்டைகளை உடைத்து ஊற்றிக் கிளறினால் உணவு ஆயிற்று. உடன் மக்காச்சோளக் குருணைக் கஞ்சியோ ரொட்டியோ வைத்துக்கொள்வர்.

இப்போது கணக்கிற்கு வருவோம். முட்டை ஒன்றில் இயல்பாக உள்ள சோடியம் ஏறத்தாழ 70 மில்லிகிராம், இரண்டிற்கு 140. கடையில் விற்கும் ஆண்டூயி 85 கிராம் அளவில் பெரும்பாலும் 600 மில்லிகிராமோ அதற்கு மேலோ இருக்கும். குப்பியில் விற்கும் கேஜன் பொடிகள் பலவற்றில் முதலில் குறிக்கப்பட்டிருக்கும் பொருள் மிளகாய் அன்று, உப்பு. அத்தகைய பொடியின் கால் தேக்கரண்டியிலேயே 300 மில்லிகிராமைத் தாண்டும் சோடியம் இருப்பதுண்டு. அரைத் தேக்கரண்டி தூவினால் 600. ஆகத் தட்டில் இருப்பது 1,340 மில்லிகிராம். உலக நலவாழ்வு நிறுவனம் வயது வந்தோர்க்கு நாள் முழுமைக்கும் வகுத்த வரம்பு 2,000 மில்லிகிராம்; அஃதாவது ஐந்து கிராம் உப்பு. காலை எட்டு மணிக்குள் அதில் மூன்றில் இரண்டு பங்கு முடிந்துவிடுகிறது. ரொட்டியையும் பாலாடைக்கட்டியையும் இன்னும் நான் எண்ணவில்லை.

இக்கணக்கில் மிளகாயின் பங்கு யாது? ஏறத்தாழ ஒன்றுமில்லை. மிளகாயில் உள்ள காப்சைசின் என்னும் பொருள் நாவின் சுவை மொட்டுகளைத் தொடுவதில்லை. வெப்பத்தையும் வலியையும் உணரும் நரம்பு முனைகளைத் தூண்டுகிறது. காரம் அறுசுவையுள் ஒன்றாக நம்மால் எண்ணப்படினும், உடலியலின்படி அஃது ஒரு சூட்டுணர்வு. இந்நரம்பு முனைகளில் உள்ள ஏற்பியைக் கண்டறிந்தமைக்காகவே டேவிட் ஜூலியஸ் 2021ஆம் ஆண்டின் மருத்துவ நோபல் பரிசைப் பகிர்ந்து பெற்றார். இவ்வுணர்வு சிறுநீரகத்தைச் சிதைப்பதுமில்லை. காலில் நீர் கோக்கச் செய்வதுமில்லை. வயிற்றுப் புண்ணிற்குக் காரமே காரணம் என்ற பழைய நம்பிக்கையும் நிலைக்கவில்லை. ஹெலிகோபாக்டர் பைலோரி என்னும் நுண்ணுயிரியும் சில வலி மாத்திரைகளுமே அதன் முதன்மைக் காரணங்கள். எதுக்களிப்பு உள்ளோர், ஆசனவாய் வெடிப்பு உள்ளோர், புற்றுநோய்ச் சிகிச்சையால் வாய் புண்பட்டோர் ஆகியோர் காரத்தைக் குறைக்கவேண்டும்; ஏற்கெனவே புண் உள்ள வயிறும் காரத்தால் எரியலாம். அவ்விலக்குகள் வேறு. எல்லார்க்கும் பொதுவாகக் காரத்தை விலக்குவது வேறு.

கேடு என்று முதலில் சொன்னதை விளக்கவேண்டும். சிறுநீரகம் தளர்ந்தோர்க்கு இரத்தத்தில் கழிவுகள் தேங்குவதால் வாயில் உலோகச் சுவை தட்டும், பசி மந்தமாகும். இறைச்சியின் மணமே சிலர்க்கு வெறுப்பூட்டும். டயாலிசிஸ் செய்துகொள்ளும் பெரியவர் ஒருவர் நான்கு திங்களில் ஆறு கிலோ இளைத்திருந்தார். அவர் மனைவியார் மிக அக்கறையானவர். ‘மிளகாய், மிளகு எதையும் கண்ணில் காட்டுவதில்லை, டாக்டர், இட்லிக்குக்கூடச் சட்னி தருவதில்லை’ என்றார். ஊறுகாயில் காரம் என்பதால் அதை நிறுத்தியவர், காரமில்லாத அப்பளத்தையும் உப்புப் பிஸ்கட்டையும் நிறுத்தவில்லை. உப்பு உள்ளே போய்க்கொண்டிருந்தது, உணவு போகவில்லை. டயாலிசிஸ் நோயாளிக்கு உடல் எடை கிலோ ஒன்றிற்கு நாளொன்றிற்கு 1.0 முதல் 1.2 கிராம் புரதம் தேவை. பசியில்லாத ஒருவர்க்கு வெந்த முட்டை வெண்கருவை மணமும் காரமும் இன்றிக் கொடுத்து அவ்வளவு புரதத்தையும் உண்ணச் செய்வது யாரால் இயலும்? உப்பைக் குறைக்கும்போது நாவிற்கு மாற்றாகக் கொடுக்கத்தக்கவை மிளகாயும் மிளகும் பூண்டும் புளிப்பும்தாம். அவற்றையும் பறித்துக்கொண்டால் நோயாளி தட்டைத் தள்ளிவிடுவார். அல்லது யாரும் பாராதபோது உப்பை எடுத்துக்கொள்வார். காரத்தை விரும்புவோர் உப்பைக் குறைவாகவே நாடுகின்றனர் என்று 2017இல் வெளியான சீன ஆய்வு ஒன்று காட்டிற்று. ஓர் ஆய்வே முடிந்த முடிவாகாது. எனினும் மருத்துவ அனுபவம் அதற்கு எதிராக இல்லை.

சாசேஜ் பற்றி எனக்கு இத்தகைய தாராளம் இல்லை. உப்பிட்டும் புகையூட்டியும் நைட்ரைட் சேர்த்தும் பதப்படுத்திய இறைச்சி பெருங்குடல் புற்றுநோயை உண்டாக்கவல்லது என்று உலக நலவாழ்வு நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2015இல் வகைப்படுத்தியது. நாள்தோறும் 50 கிராம் உண்போர்க்கு அவ்விடர் ஏறத்தாழ 18 விழுக்காடு கூடுகிறது. சிறுநீரக நோயாளிக்கு மேலும் ஓர் இடர் உண்டு. இறைச்சியில் ஈரம் தங்குவதற்காகச் சேர்க்கப்படும் பாஸ்பேட் உப்புகள் குடலில் பெரும்பாலும் முழுமையாகவே உறிஞ்சப்படுகின்றன. இயற்கை உணவில் உள்ள பாஸ்பரஸ் அவ்வளவு உறிஞ்சப்படுவதில்லை. பொருட்பட்டியலில் ‘பாஸ்பேட்’ என முடியும் சொல் எதுவாயினும் அப்பொட்டலத்தைத் திரும்ப அலமாரியில் வைத்துவிடுக.

அப்படியாயின் அந்த ஞாயிறுக் காலையுணவை விட்டுவிடவேண்டுமா? வேண்டியதில்லை. லூசியானாவிலேயே புகையூட்டாத பச்சைச் சாசேஜ் வழக்கில் உள்ளது. வெங்காயத்தாள் கலந்து செய்யும் அதனை அன்றன்றே சமைத்து உண்பர். அதன் வழியில் வீட்டில் செய்துகொள்ளலாம். உப்புநீர் ஏற்றாத கோழிக் கொத்திறைச்சி 250 கிராம் எடுத்துக்கொள்க. பொடிக்கு: பாப்ரிக்கா அல்லது காஷ்மீர் மிளகாய்த்தூள் இரண்டு தேக்கரண்டி, உலர்ந்த பூண்டுத்தூள், வெங்காயத்தூள் ஒவ்வொரு தேக்கரண்டி, கருமிளகு, வெண்மிளகு, தைம், ஓரிகானோ அரை அரைத் தேக்கரண்டி, கேயன் மிளகாய்த்தூள் கால் தேக்கரண்டி. (மிளகு நம் மேற்குத் தொடர்ச்சி மலைக்குரியது, மிளகாய் அமெரிக்கக் கண்டத்திலிருந்து போர்த்துக்கீசியர் வழியாக நம்மிடம் வந்தது. கேஜன் பொடியில் இரண்டும் கூடியிருப்பதைப் பார்க்கையில், அதனை அயல் உணவு என்று சொல்ல எனக்கு வாய் வருவதில்லை.) இப்பொடியில் பாதியையும் நறுக்கிய வெங்காயத்தாளையும் கால் தேக்கரண்டி உப்பையும் இறைச்சியில் பிசைந்து, ஒரு மணி நேரம் குளிரில் வைத்து, நான்கு வடைகளாகத் தட்டுக. இரும்புக் கல்லில் சிறிது எண்ணெய் விட்டு, நடுவில் இளஞ்சிவப்பு சற்றும் இல்லாதபடி இருபுறமும் வேகவிடுக. அதே கல்லில் மும்மைக் காய்களை வதக்கி, எஞ்சிய பொடியில் சிறிது தூவி, முட்டையை ஊற்றுக. முட்டைக்குத் தனியே உப்பு வேண்டா. இறக்கியபின் எலுமிச்சை சில சொட்டுகள் பிழிந்தால் உப்பில்லாக் குறை தெரியாது. ஒரு வடையும் இரண்டு முட்டையும் கொண்ட இத்தட்டில் சோடியம் ஏறத்தாழ 350 மில்லிகிராம், முன்னதில் கால்பங்கு.

புரதம் 25 கிராம் அளவில் இருக்கும். டயாலிசிஸ் செய்வோர்க்கு இது நல்வரவு. டயாலிசிஸ் தொடங்காத, புரதம் குறைக்கப்பட்டோர்க்கு ஒரு முட்டையும் அரை வடையும் போதும். துல்லியமான அளவை உணவியலாளரிடம் கேட்டறிக. பாஸ்பரஸ் மிகுந்தோர் ஒரு மஞ்சள் கருவை நீக்கிவிடலாம். மாற்றுச் சிறுநீரகம் பொருத்தப்பட்டோர் அரைவேக்காட்டு முட்டையைத் தொடவே கூடாது.

ஓர் எச்சரிக்கையை அழுத்திச் சொல்லவேண்டும். ‘குறைந்த சோடியம்’ என்று விற்கப்படும் பொடிகள் சிலவற்றிலும் மாற்று உப்புகளிலும் சோடியத்திற்குப் பதிலாகப் பொட்டாசியம் குளோரைடு உள்ளது. நல்ல சிறுநீரகம் அதனை வெளியேற்றிவிடும். தளர்ந்த சிறுநீரகத்தால் இயலாது. இரத்தத்தில் பொட்டாசியம் ஏறினால் இதயத்துடிப்பே நின்றுபோகக்கூடும். உப்புக்கு அஞ்சி இதனை வாங்குவதைவிட, அளவறிந்து சிறிது உப்பிடுவது பாதுகாப்பானது.

உணவகத்தில் உண்ண நேர்ந்தால், முட்டையைப் பொடியின்றிச் சமைத்துத் தருமாறு கேட்கலாம், மறுக்கமாட்டார்கள். மிளகாய்க் குழம்புக் குப்பிகள் மேசைமேலேயே இருக்கும். அவற்றுள்ளும் வேறுபாடு பெரிது: லூசியானாவின் ஏவரித் தீவில் 1868 முதல் செய்யப்படும் டபாஸ்கோவில் ஒரு தேக்கரண்டிக்கு ஏறத்தாழ 35 மில்லிகிராம் சோடியம்; வேறு சிலவற்றில் அதைப்போல ஐந்து மடங்கிற்கும் மேல். குப்பியைத் திருப்பிப் பின்புறத்தைப் படித்தபின் ஊற்றிக்கொள்க. கண் தெளிவில்லாத பெரியவர்களுக்கு உடன் செல்லும் பிள்ளைகள் படித்துச் சொல்லுக.