39 வயதில் வயதான அம்மா... ஜப்பான் சினிமாவின் சோகோ ஈடா!

தியேட்டருக்குள் மகனும் அம்மாவும். ''இதுதாம்மா டாக்கி'' என்று மகன் பெருமையாகச் சொல்ல, கிராமத்திலிருந்து வந்த அம்மா தூங்கி வழிகிறார். 1936-ல் வெளியான ஜப்பானியப் படமான 'ஒரே மகன்' காட்சி இது. இதில் வேடிக்கை என்னவென்றால், இயக்குநர் யாசுஜிரோ ஓசுவுக்கே அதுதான் முதல் பேசும்படம்!

அந்த அம்மா, சோகோ ஈடா. 1897-ல் டோக்கியோவின் அசாகுசா பகுதியில் பிறந்தவர். கதாநாயகி வேடங்கள் அவரைத் தேடி வரவில்லை. ஓசுவின் மௌனப் படங்களில் சாப்பாட்டுக்கடை நடத்தும் பெண், அம்மா என்றே வந்துபோனார்.

ஜப்பானில் 1931-லேயே பேசும்படம் வந்துவிட்டது. ஓசு மட்டும் காத்திருந்தார். காரணம், ஒரு வாக்கு. அவரது ஒளிப்பதிவாளர் ஹிடியோ மோஹரா, சொந்தமாக ஒலிப்பதிவு முறை ஒன்றை உருவாக்கிக்கொண்டிருந்தார். 'உங்கள் முறையில்தான் என் முதல் பேசும்படம்' என்று ஓசு சொல்லியிருந்தார். அந்த மோஹரா, சோகோவின் கணவர்!

ஷோசிக்கு நிறுவனம் ஓஃபுனாவுக்கு இடம் மாறிய பிறகு, காலியாகக் கிடந்த கமாதா ஸ்டுடியோவில் படப்பிடிப்பு நடந்தது. பகலில் ரயில் சத்தம் என்பதால், இரவில்தான் வேலை.

பட்டு ஆலையில் வேலை பார்க்கும் ஏழைத் தாய். வீட்டையும் நிலத்தையும் விற்று மகனைப் படிக்க வைக்கிறார். பல வருடம் கழித்து டோக்கியோவுக்குப் போனால், மகன் சொற்பச் சம்பளத்தில் இரவுப் பள்ளி ஆசிரியர். மகனாக நடித்த ஷினிச்சி ஹிமோரி, 39 வயது சோகோவைவிட சுமார் பத்து வயதுதான் இளையவர். ஆனால், அந்தத் தளர்ந்த நடையைப் பார்த்தால் யாரும் நம்ப மாட்டார்கள்.

ஊர் திரும்பிய அம்மா, ''என் பையன் பெரிய ஆளாயிட்டான்'' என்று ஆலைத் தோழியிடம் சிரித்தபடி சொல்கிறார். பிறகு வெளியே வந்து தனியாக உட்கார்கிறார். முகத்திலிருந்த சிரிப்பு மெல்ல வடிகிறது. பேசும்படத்தில் அவர் பேசாமல் உட்கார்ந்திருக்கும் அந்த நிமிடம்தான் மனதைப் பிசைகிறது.

போருக்குப் பிறகு ஓசு எடுத்த முதல் படத்திலும் (1947) முக்கிய வேடம் சோகோவுக்குத்தான். வழிதவறி வந்த சிறுவனை முதலில் விரட்டி, பிறகு பிரிய மனமில்லாமல் அழும் விதவை வேடம். 1960-களில் 'வாகாதாய்ஷோ' படங்களில் யூசோ கயாமாவுக்குச் செல்லப் பாட்டியாகி, இளைஞர்களையும் கவர்ந்தார்.

1972-ல் மறைந்தார் சோகோ. பிள்ளையை வெளியூரில் படிக்க வைத்த அம்மாக்கள் 'ஒரே மகன்' பார்த்தால், அந்தக் கடைசிக் காட்சிக்கு சப்டைட்டிலே தேவைப்படாது!